கன்னி ராசியில் ஒரு மங்கிய ஒளி

அறிவு வளர்ந்த வரலாற்றை ஆராய்வார்க்கு ஓர் உண்மை அடிக்கடி புலப்படும். பெருமை மிக்க பொருள்கள் பல, முதன்முதலில் பெருமையோடு தோன்றுவதில்லை. தேடிச் சென்ற பொருளுக்கு இடையூறாகவோ, கணக்கில் ஒட்டாத மிச்சமாகவோ, காரணம் விளங்காத ஒரு கீற்றாகவோ அவை அறிஞர்முன் வந்து நிற்கின்றன. அவற்றைக் கண்டும் காணாதவர்போல் கடந்து போவாரும் உளர்; விளங்கவில்லையெனினும் உள்ளதை உள்ளவாறே குறித்து வைப்பாரும் உளர். பிற்காலத்து அறிவின் பெரும்பகுதி இவ்விரண்டாம் வகையினரின் குறிப்பேடுகளிலிருந்தே கிளைத்தது எனின் மிகையாகாது. இதனை விளக்குதற்கு வானநூலினின்று ஓர் எடுத்துக்காட்டை இக்கட்டுரையில் எடுத்துரைக்க விரும்புகின்றோம்.

சென்ற பங்குனித் திங்களில், நிலவில்லாத ஓரிரவில், மாணவர் சிலரோடு நம் கல்லூரி மேல்மாடியில் கூடி, ஆறு அங்குலக் கண்ணாடியுடைய தொலைநோக்கியைக் கன்னி ராசியை நோக்கித் திருப்பினோம். முன்னிரவில் வியாழனையும் அதன் நான்கு துணைக்கோள்களையும் கண்டு மகிழ்ந்திருந்த மாணவர்கள், அதனினும் சிறந்த காட்சியொன்றை எதிர்பார்த்து ஒருவர்பின் ஒருவராக வந்து நோக்கினர். நோக்கியவர் கண்டது வட்டமான ஒரு மங்கிய புகைத்துளியே. ஒரு மாணவர் கண்ணை எடுத்து, "இவ்வளவுதானா, ஐயா? கண்ணாடியில் அழுக்குப் படிந்திருக்கிறதென்று நினைத்தேன்" என்றார். யாவரும் நகைத்தனர். ஆயினும் அவர் கூறியதில் நகைத்தற்குரியது ஒன்றுமில்லை. இருநூற்று நாற்பது ஆண்டுகளுக்குமேல் முன்பு, அத்துளியை முதலில் கண்ட பேரறிஞரும் ஏறக்குறைய அவ்வாறே கருதினார். அம்மாணவர்க்கு அன்றிரவு சுருக்கமாகக் கூறிய விடையையே இங்கு விரித்து எழுதுகின்றோம்.

வானில் அதன் இடம்

பங்குனி, சித்திரைத் திங்கள்களில் கிழக்கு வானில் வெண்ணிறமாய் ஒளிரும் சித்திரை நட்சத்திரத்தை யாவரும் அறிவர். கன்னி ராசியின் தலைமையான விண்மீன் அது. அதற்கு மேலே, சிங்க ராசியின் வாற்புறத்தில் உத்திர நட்சத்திரம் உள்ளது. கன்னி ராசியின் வடபாகத்தில் மேல்நாட்டார் விண்டெமியாட்ரிக்ஸ் என்று வழங்கும் ஒரு விண்மீன் உண்டு. இதனையும் உத்திரத்தையும் ஒரு கோட்டால் இணைத்தால், அக்கோட்டின் நடுவை ஒட்டியே நாம் நோக்கிய புகைத்துளி இருக்கின்றது. வெறுங்கண்ணுக்கு அவ்விடத்தில் ஒன்றும் தோன்றாது. அப்பொருள் நம் நாட்டில் உச்சந்தலைக்கு ஏறத்தாழ நேர் மேலே கடந்து செல்வது. ஆதலின், இங்கிலாந்து முதலிய வடநாடுகளில் உள்ளாரினும் நாம் அதனைத் தெளிவாகக் காணும் நல்வாய்ப்பு உடையோம்.

அதன் பெயர் மெஸ்யே 87 என்பது. அஃது ஓர் உடுமண்டலம். கோடி கோடியான விண்மீன்கள் தம்முள் ஒன்றையொன்று ஈர்த்து ஒரு தொகுதியாய் நிற்பதையே உடுமண்டலம் என்கின்றோம். நம் சூரியன் உள்ள பால்வீதியும் அத்தகையதே. அதன் குறுக்களவு ஏறத்தாழ ஒரு லட்சம் ஒளியாண்டு. ஒளியாண்டு என்பது, நொடிக்கு மூன்று லட்சம் கிலோமீட்டர் ஓடும் ஒளி ஓராண்டில் கடக்கும் தூரம். மெஸ்யே 87 நமக்கு ஏறக்குறைய 5 கோடியே 40 லட்சம் ஒளியாண்டு தொலைவில் உள்ளது. மேல்மாடியில் அன்று எம் கண்ணிற் பட்ட ஒளி அங்கிருந்து புறப்பட்டபோது மனித இனம் தோன்றவில்லை. இந்திய நிலப்பரப்பு வடக்கே நகர்ந்து ஆசியாவோடு மோதி, இமயம் எழத் தொடங்கிய காலத்தை ஒட்டியது அது. இத்துணைக் காலம் நடந்து வந்த ஒளியை அழுக்கென்று நினைத்தோமே என்று அம்மாணவர் பின்னர் வருந்தினார்.

வால்வெள்ளி தேடியவரின் பட்டியல்

பதினெட்டாம் நூற்றாண்டில் பாரிஸ் நகரில் சார்லஸ் மெஸ்யே என்னும் வானநூலறிஞர் வாழ்ந்தார். வால்வெள்ளிகளைக் கண்டுபிடிப்பதே அவருடைய வாழ்நாள் வேட்கை. வால்வெள்ளியானது, சூரியனை நெருங்கி வால் விரிப்பதற்குமுன், தொலைநோக்கியில் ஒரு புகைத்துளி போலவே தோன்றும். ஆனால் வானில் நிலையாக நிற்கும் புகைத்துளிகளும் பல உள்ளன. அவை வால்வெள்ளி தேடுவாரை அடிக்கடி ஏமாற்றின. எனவே, "இவை வால்வெள்ளியல்ல, இவற்றிற் காலத்தைப் போக்கற்க" என்று தமக்கும் பிறர்க்கும் எச்சரிக்கையாக அவர் ஒரு பட்டியல் வகுத்தார். 1781-ஆம் ஆண்டு மார்ச்சு 18-ஆம் நாள் இரவில் கன்னி ராசிப் பகுதியில் இத்தகைய துளிகள் பலவற்றை அவர் ஒருங்கே கண்டார். அவற்றுள் ஒன்றே எண்பத்தேழாம் எண் பெற்றது. விண்மீன் எதுவும் தோன்றாத வெறும் மேகம் என்பதே அதனைப்பற்றி அவர் எழுதிய குறிப்பின் சாரம்.

இங்கு மாணவர்கள் ஒன்றை நோக்குதல் வேண்டும். மெஸ்யே அத்துளிகளை விரும்பவில்லை. அவை அவர் தேடிய பொருளும் அல்ல. எனினும், ஒவ்வொன்றன் இடத்தையும் அளந்து எழுதினார். கன்னி ராசியின் வடபாகத்தில் அவை மிகுதியாகச் செறிந்துள்ளன என்பதையும் அவரே குறித்துள்ளார். அவர் அரிதின் முயன்று கண்ட வால்வெள்ளிகளை இன்று நினைப்பவர் சிலரே. வேண்டாதவை என்று அவர் ஒதுக்கிய பட்டியலோ இன்றும் வானநூல் பயில்வார் அனைவர்க்கும் கைந்நூலாக விளங்குகின்றது. அவர் குறித்த அச்செறிவே, பிற்காலத்தார் கன்னித் திரள் எனப் பெயரிட்ட உடுமண்டலத் திரளாகும். ஆயிரத்துக்கு மேற்பட்ட உடுமண்டலங்கள் அதில் அடங்கியுள்ளன. அவற்றின் நடுவிடத்தே வீற்றிருப்பது மெஸ்யே 87.

வடிவும் இயல்பும்

இப்புகைத்துளிகள் பால்வீதிக்கு உட்பட்டனவா, அதற்கு அப்பாற்பட்ட தனி உலகங்களா என்பதுபற்றி நெடுங்காலம் வழக்கு நிகழ்ந்தது. அமெரிக்காவில் வில்சன் மலையில் இருந்த நூறு அங்குலத் தொலைநோக்கியால், 1923-ஆம் ஆண்டு தொடங்கி, எட்வின் ஹபிள் என்பார் ஆண்டிரமீடா மண்டலத்தில் ஒளி கூடிக் குறையும் விண்மீன்களைக் கண்டு, அவற்றின் வாயிலாகத் தூரத்தைக் கணித்தார். அது பால்வீதியின் எல்லைக்கு மிக மிக அப்பாற்பட்டது என்று தெளியவே, வழக்குத் தீர்ந்தது.

1926-ஆம் ஆண்டில் ஹபிள் உடுமண்டலங்களை வடிவுபற்றி வகைப்படுத்தினார். சுழிபோன்ற கைகளை உடையவை சுருள் மண்டலங்கள். கைகளும் கோலங்களும் இன்றி, முட்டைபோலவோ பந்துபோலவோ வழுவழுப்பாய்த் தோன்றுவன நீள்வட்ட மண்டலங்கள். நீள்வட்ட மண்டலங்களின் தட்டைத்தன்மையைக் குறிக்க அவர் 0 முதல் 7 வரை எண் கொடுத்தார். நீளம் பத்துப் பங்கு எனக் கொண்டு, அகலம் அதனிற் குறையும் பங்கே அவ்வெண். நீளம் பத்தும் அகலம் பத்தும் ஆயின் எண் 0. அகலம் மூன்றாகக் குறுகின் எண் 7. மெஸ்யே 87 ஏறக்குறைய உருண்டையானது. எனவே 0, 1 என்னும் எண்களை ஒட்டி நிற்கின்றது.

இவ்விருவகை மண்டலங்களும் வடிவால் மட்டுமன்றி இயல்பாலும் வேறுபட்டவை. சுருள் மண்டலத்து விண்மீன்கள், செக்கைச் சுற்றும் மாடுபோல், ஒரே தட்டில் ஒரே திசையில் நடுவிடத்தைச் சுற்றிவருகின்றன. நீள்வட்ட மண்டலத்திலோ, மழைக்காலத்து விளக்கைச் சுற்றும் ஈசல்களைப்போல், ஒவ்வொரு விண்மீனும் தனக்கென ஒரு வழியில், மேலும் கீழும் குறுக்கும் நெடுக்குமாகப் பாய்கின்றது. ஒவ்வொன்றன் போக்கும் ஒழுங்கற்றதுபோல் தோன்றினும், யாவும் சேர்ந்த கூட்டம் வடிவு மாறாது நிற்கின்றது. சுருள் மண்டலங்களில் குளிர்ந்த வாயுவும் தூசும் மிகுதி; ஆதலால் புதிய விண்மீன்கள் அங்கே பிறந்துகொண்டிருக்கின்றன; நீலநிறமுடைய இளமீன்கள் அக்கைகளை அழகு செய்கின்றன. நீள்வட்ட மண்டலங்களில் அத்தகைய வாயு மிகக் குறைவு. புதுப் பிறப்பு ஏறத்தாழ நின்றுவிட்டது. மிக மூத்த, செம்மஞ்சள் நிறமுள்ள விண்மீன்களே எஞ்சியுள்ளன. கோலமில்லாத வடிவின் பின்னே நீண்டதொரு வரலாறு அடங்கியிருக்கின்றது.

மெஸ்யே 87 அவ்வகையுள் பேருருவம் படைத்தது. லட்சம் கோடிக்கு மேற்பட்ட விண்மீன்கள் அதன்கண் உள்ளன. பந்துபோல் செறிந்த உருண்டை விண்மீன் கூட்டங்கள் நம் பால்வீதியைச் சூழ ஏறக்குறைய 150 மட்டுமே உள்ளன. மெஸ்யே 87-ஐச் சூழவோ அவை பன்னீராயிரத்துக்கு மேற்பட்டவை.

திரளின் நடுவே வளர்ந்த விதம்

ஒரு திரளின் நடுவிலுள்ள நீள்வட்ட மண்டலம் இத்துணைப் பெரிதாக வளர்ந்தது எவ்வாறு என்னும் வினா எழுகின்றது. இதற்கு விடை காண்பதற்கு நம் நாட்டவர் ஒருவரின் கணிதம் பெருந்துணையாயிற்று என்பதை மகிழ்வோடு எழுதுகின்றோம். தமிழ்க் குடும்பத்தில் 1910-ஆம் ஆண்டு லாகூரிற் பிறந்து, சென்னை மாநிலக் கல்லூரியிற் பயின்று, 1983-ஆம் ஆண்டில் நோபல் பரிசு பெற்ற சுப்பிரமணியன் சந்திரசேகர் அவர்களே அவ்வறிஞர். 1943-ஆம் ஆண்டில் அவர், விண்மீன்களின் இடையே ஊடுருவிச் செல்லும் ஒரு பொருள் சிறிது சிறிதாக வேகம் இழக்கும் என்று கணித்துக் காட்டினார். இயக்க உராய்வு என்று அதனைக் கூறலாம்.

திருவிழாக் கூட்டத்தினிடையே யாவரும் அறிந்த பெரியார் ஒருவர் நடந்து செல்வதாகக் கொள்வோம். அவர் கடந்த இடத்தில் மக்கள் அவரை நோக்கித் திரும்பி, அவருக்குப் பின்னே கூடுவர். அக்கூட்டம் அவரைப் பின்னோக்கி இழுத்து, அவர் நடையைத் தளர்த்தும். அதுபோலவே, ஓர் உடுமண்டலம் மற்றொன்றின் புறப்பகுதியில் நுழையும்போது, அதன் ஈர்ப்பால் அங்குள்ள விண்மீன்களும் பிற பொருள்களும் அதற்குப் பின்னே சற்றுச் செறிகின்றன. அச்செறிவு அதனைப் பின்னிழுக்கின்றது. வேகம் இழந்த மண்டலம் நடுவிடத்தை நோக்கித் தாழ்ந்து, இறுதியில் அங்குள்ள பெரிய மண்டலத்தோடு கலந்துவிடுகின்றது. இங்ஙனம் பல மண்டலங்களை உட்கொண்டே நடுமண்டலம் பெருக்கின்றது. அழகிய சுருள் மண்டலங்கள் இரண்டு மோதினால் கைகள் சிதைந்து, விண்மீன்களின் ஒழுங்கான ஓட்டம் கலைந்து, நீள்வட்ட வடிவம் உண்டாகும் என்பதையும் பிற்காலத்தார் கணிப்பொறிகளின் துணையால் காட்டியுள்ளனர்.

இது வெறும் ஊகமன்று. 2015-ஆம் ஆண்டில், மெஸ்யே 87-இன் புறப்பகுதியில் ஏறக்குறைய 300 முதிய விண்மீன்களின் வாயுக்கூடுகளை ஆராய்ந்த அறிஞர்கள், அவற்றின் இடத்திலும் வேகத்திலும் ஒரு தனிக்கூட்டத்தின் அடையாளத்தைக் கண்டனர். கடந்த நூறு கோடி ஆண்டுகளுக்குள் மெஸ்யே 87 ஒரு மண்டலத்தை முழுதும் உட்கொண்டிருக்கின்றது என்பதே அவர்கள் முடிபு. கலங்கிய நீரில் கல் எறிந்த சுவடு சில நொடியில் மறையும். இங்கோ நூறு கோடி ஆண்டு கழிந்தும் சுவடு எஞ்சியுள்ளது.

எடையிற் காணாத மிச்சம்

கன்னி ராசியை அடுத்து, மேல்நாட்டார் கோமா என்று வழங்கும் சிறு ராசியில், இன்னும் தொலைவில் மற்றொரு பெருந்திரள் உண்டு. 1933-ஆம் ஆண்டில் பிரிட்ஸ் சுவிக்கி என்னும் அறிஞர் அத்திரளை எடையிட முயன்றார். வானில் உள்ளதை எவ்வாறு எடையிடுவது என்று மாணவர்கள் வினவலாம். கவணிற் கல்லை வைத்துச் சுழற்றும்போது, கல் விரைந்து சுழலுந்தோறும் கயிறு வலியதாக இருத்தல் வேண்டும். இல்லையேல் அறுந்து கல் பறந்துபோகும். திரளிலுள்ள மண்டலங்களைப் பிடித்து நிறுத்தும் கயிறு ஈர்ப்பாற்றலே. அவை எவ்வளவு வேகமாய்ப் பாய்கின்றன என்று அறிந்தால், அவற்றைச் சிதறாமற் பிடித்து வைக்க எத்துணைப் பொருள் வேண்டும் என்று கணக்கிடலாம். நெருங்கிவரும் இரயில் வண்டியின் ஊதல் கூர்மையாகவும், விலகும் வண்டியின் ஊதல் தணிந்தும் ஒலிப்பதுபோல், விண்பொருளின் ஒளியும் நெருங்கும்போது நீலப்பக்கமும் விலகும்போது சிவப்புப் பக்கமும் சாய்கின்றது. அச்சாய்வே வேகத்தை உணர்த்தும்.

சுவிக்கி கண்ட வேகங்கள் மிகப் பெரியவை. ஒளியுடைய விண்மீன்களை எல்லாம் கூட்டினாலும், திரளைக் கட்டிவைக்கப் போதிய எடை சிறிதும் தேறவில்லை. கண்ணுக்குத் தோன்றாத பொருள் மிகுதியாக இருத்தல் வேண்டும் என்று அவர் எழுதினார். மூன்றாண்டு கழித்து, 1936-இல், சின்கிளேர் ஸ்மித் என்பார் கன்னித் திரளையே ஆராய்ந்து, அங்கும் அத்தகைய குறைபாட்டைக் கண்டார். கன்னித் திரளின் வேகவேறுபாட்டுக்கு ஒரு சான்று கூறுவோம். மெஸ்யே 87 நம்மைவிட்டு நொடிக்கு ஏறக்குறைய 1,280 கிலோமீட்டர் வேகத்தில் விலகுகின்றது. அதே திரளைச் சார்ந்த மெஸ்யே 86 என்பதோ, நொடிக்கு 240 கிலோமீட்டருக்கு மேற்பட்ட வேகத்தில் நம்மை நோக்கி வருகின்றது.

இவ்விருவர் கூற்றையும் அக்காலத்தார் பெரிதாக எண்ணவில்லை. அளவையிற் பிழை நேர்ந்திருக்கலாம் என்றே பலரும் கருதினர். ஏறத்தாழ நாற்பதாண்டு கடந்தபின், வேரா ரூபின் முதலியோர் தனி மண்டலங்களின் சுழற்சியிலும் அதே குறைபாட்டைக் கண்டபோதுதான், பழைய கட்டுரைகள் மீண்டும் எடுத்துப் படிக்கப்பட்டன. இன்று, ஒரு திரளின் மொத்த எடையில் நூற்றுக்கு எண்பதுக்கு மேற்பட்ட பங்கு ஒளியற்ற இருட்பொருளே என்று கொள்ளப்படுகின்றது. எஞ்சியதிலும் பெரும்பங்கு, மண்டலங்களின் இடைவெளியில் பரவிய, எக்ஸ் கதிர் வீசும் வெப்ப வாயுவாகும். கன்னித் திரளில் அதன் வெப்பம் இரண்டு கோடி பாகைக்கு மேற்பட்டது. விண்மீன்களாக நாம் காண்பது மிகச் சிறு பங்கே. கடலின்மேல் மிதக்கும் நுரையைக் கண்டு, கடல் இவ்வளவே என்று எண்ணியிருந்தவர் நிலைமை நம்முடையது.

நேரிய ஒளிக்கீற்று

இனி, மெஸ்யே 87-இன் நடுவிடத்துக்குச் செல்வோம். 1918-ஆம் ஆண்டில், கலிபோர்னியாவில் ஹாமில்டன் மலைமீதுள்ள லிக் வான்காட்சி நிலையத்தைச் சார்ந்த ஹீபர் கர்ட்டிஸ் என்பார், பல நூறு புகைத்துளிகளின் நிழற்படங்களை ஆராய்ந்து ஒரு பெரும்பட்டியல் வெளியிட்டார். மெஸ்யே 87-க்கு எதிரே, மெல்லியதும் நேரானதுமான விந்தைக் கீற்று ஒன்று அதன் நடுவோடு இணைந்திருக்கின்றது என்று ஒரு குறிப்பு எழுதினார். அவ்வளவே, விளக்கம் எதுவும் அவர் கூறவில்லை, கூறுதற்குரிய அறிவு அக்காலத்தில் இல்லை. கோலமற்ற உருண்டையில் இக்கீற்று எவ்வாறு தோன்றியது என்னும் வினா முப்பதாண்டுகளுக்குமேல் உறங்கிக் கிடந்தது.

1949-ஆம் ஆண்டில் ஆஸ்திரேலியாவில் ஜான் போல்டன், கோர்டன் ஸ்டான்லி, புரூஸ் ஸ்லீ என்னும் மூவர் வானிலிருந்து வரும் ரேடியோ அலைகளை ஆராய்ந்தனர். கடலோரச் செங்குத்துப் பாறையின் உச்சியில் அலைவாங்கியை நிறுத்தி, நேரே வரும் அலையையும் கடல்நீரிற் பட்டுத் திரும்பி வரும் அலையையும் ஒப்பிட்டு, அவை வரும் திசையைக் கணிப்பது அவர்கள் கையாண்ட முறை. கன்னி ராசியிலிருந்து வரும் வலிய ரேடியோ அலைகளுக்குப் பிறப்பிடம் மெஸ்யே 87 ஆகலாம் என்று அவர்கள் காட்டினர். 1956-இல் வால்ட்டர் பாடே, கர்ட்டிஸ் கண்ட கீற்றின் ஒளி ஒருதிசை அதிர்வுடையது என்று கண்டார். காந்தப் புலத்தில் ஒளியின் வேகத்தை நெருங்கிச் சுழலும் மின்துகள்களே அத்தகைய ஒளியைத் தருவன. ஆகவே, அக்கீற்று விண்மீன்களின் வரிசையன்று. நடுவிடத்திலிருந்து ஏதோ ஒன்று பீறிட்டெறியும் துகள்தாரை என்பது தெளிவாயிற்று. அதன் நீளம் ஏறக்குறைய ஐயாயிரம் ஒளியாண்டு.

எறிவது எது? சிறிய இடத்தில் மிகப் பெரும் எடை செறிந்து, ஒளியும் வெளியேற முடியாத கருந்துளையே அது என்னும் கருத்து வலுப்பெற்றது. துளைக்குள் வீழும் வாயு, வீழ்வதற்குமுன் சுழன்று சூடேறி, அதன் ஒரு பகுதி தாரையாக வெளியே எறியப்படுகின்றது. 1978-இல் நடுவிடத்து விண்மீன்களின் வேகத்தை அளந்தவர்கள் இக்கருத்துக்கு இசைவான சான்று கண்டனர். 1994-இல் விண்வெளியிற் சுற்றும் ஹபிள் தொலைநோக்கி, நடுவிடத்துக்கு அறுபது ஒளியாண்டு தொலைவில் வாயு நொடிக்கு ஏறத்தாழ 500 கிலோமீட்டர் வேகத்திற் சுழல்வதைக் காட்டிற்று. ஆயினும், எடைபற்றி ஒருமைப்பாடு ஏற்படவில்லை. 2011-இல் விண்மீன்களின் அசைவைக்கொண்டு கணித்தவர்கள் சூரியனைப்போல் 660 கோடி மடங்கு என்றனர். 2013-இல் வாயுவின் சுழற்சியைக்கொண்டு கணித்தவர்கள் 350 கோடி மடங்கு என்றனர். ஒரே பண்டத்தை இரு தராசில் நிறுத்த, ஒன்று மற்றொன்றின் ஏறக்குறைய இரட்டையாகக் காட்டியதுபோலாயிற்று. எந்தத் தராசு நேரியது என்பதை அறிய மூன்றாவது தராசு ஒன்று வேண்டியிருந்தது.

கருந்துளையின் நிழல்

அம்மூன்றாம் தராசு 2017-ஆம் ஆண்டு ஏப்பிரல் திங்களில் அமைந்தது. அறிஞர் குழுவொன்று ஹவாய், அரிசோனா, மெக்சிகோ, சிலி, ஸ்பெயின் ஆகிய இடங்களிலுள்ள ரேடியோ தொலைநோக்கிகளை ஒருங்கிணைத்து, ஏறத்தாழப் பூமியளவான ஒரே கருவிபோல் இயக்கியது. ஒவ்வொரு நிலையத்திலும் அணுக்கடிகாரத்தின் துணையால் காலம் நுட்பமாகக் குறிக்கப்பட்டது. பதிந்த செய்திகள் மிகப் பலவாதலின், கம்பி வழியே அனுப்ப இயலாமல், பதிவுத் தட்டுகளை விமானத்தில் ஏற்றி அனுப்பினர். அவர்கள் காண முயன்றது நிலவின்மேல் வைத்த ஓர் ஆரஞ்சுப் பழத்தைப் பூமியிலிருந்து காண்பது போன்றது.

படம் அமைக்கும் பணியில் அவர்கள் மேற்கொண்ட எச்சரிக்கை நம் மாணவர்களால் பின்பற்றத்தக்கது. விரும்பியதைக் கண்டுவிடும் பலவீனம் மனிதர் யாவர்க்கும் உண்டு. எனவே, குழுவினரை நான்காகப் பிரித்து, ஒரு பிரிவார் செய்வதை மற்றவர் அறியாவண்ணம் தனித்தனியே படம் அமைக்கச் செய்தனர். பின்னர் நான்கு படங்களையும் ஒருங்கு வைத்து நோக்க, நான்கிலும் ஒரே வளையம் தோன்றியது. 2019-ஆம் ஆண்டு ஏப்பிரல் 10-ஆம் நாள் அப்படம் உலகுக்கு வெளியிடப்பட்டது. ஒளிவளையம் ஒன்றும், அதன் நடுவே இருளும். வளையத்தின் தென்பகுதி சற்று மிகுந்த ஒளியுடையது. மனிதர் கண்ட முதற் கருந்துளைப் படம் அதுவே. வளையத்தின் அளவிலிருந்து கணித்த எடை சூரியனைப்போல் 650 கோடி மடங்கு. விண்மீன்களைக் கொண்டு நிறுத்த தராசே நேரியது என்று இதனால் தெளிந்தது. 2018-இல் மீண்டும் நோக்கிப் பதிந்ததை ஆராய்ந்து 2024-இல் வெளியிட்டபோது, வளையத்தின் அளவு மாறாதிருந்தது. ஒளி மிக்க இடம் மட்டுமே சற்று நகர்ந்திருந்தது.

அக்கருந்துளையின் எல்லை, நடுவிலிருந்து ஏறக்குறைய 1,950 கோடி கிலோமீட்டர். சூரியனிடமிருந்து நெப்டியூன் உள்ள தூரத்தைப்போல் நான்கு மடங்கு அது. எனினும், பல்லாயிரம் ஒளியாண்டு பரந்த மண்டலத்தை நோக்க அஃது ஓர் அணுவளவே. அவ்வணுவளவே திரளின் நடுப்பகுதியை ஆள்கின்றது என்பது வியப்புக்குரியது. திரளின் நடுவிலுள்ள வெப்ப வாயு எக்ஸ் கதிர் வீசி வெப்பம் இழந்துகொண்டிருப்பதால், அது குளிர்ந்து வீழ்ந்து புதிய விண்மீன்களை மிகுதியாகப் பிறப்பித்தல் வேண்டும். அங்ஙனம் நிகழக் காணோம். 1999-இல் ஏவப்பட்டு, சந்திரசேகர் அவர்களின் நினைவாகச் சந்திரா என்று பெயரிடப்பட்ட எக்ஸ் கதிர்த் தொலைநோக்கி காட்டிய படங்களில், தாரைகள் அவ்வாயுவில் குமிழிகளையும் அலைகளையும் எழுப்பியிருத்தல் தெளிவாகத் தெரிகின்றது. வாயு குளிர்ந்து வீழ்ந்தால் தாரை வலுக்கும். தாரை வலுத்தால் வாயு சூடேறி வீழ்வது குறையும். வீழ்வது குறைந்தால் தாரையும் தளரும். தன்னைத்தானே அடக்கியாளும் இப்பொறியே, நீள்வட்ட மண்டலத்தில் புதிய பிறப்பு நின்றிருப்பதற்கு முதன்மையான காரணம் எனக் கருதப்படுகின்றது.

முடிவுரை

மெஸ்யே வேண்டாமென ஒதுக்கிய துளி, ஒரு பெருந்திரளின் நடுமண்டலமாயிற்று. கர்ட்டிஸ் விளக்கமின்றி எழுதிய கீற்று, கருந்துளைக்கு வழிகாட்டிற்று. சுவிக்கியும் ஸ்மித்தும் கண்ட மிச்சம், பிரபஞ்சத்துப் பொருளின் பெரும்பகுதி கண்ணுக்குத் தோன்றாதது என்பதை உணர்த்திற்று. இவர்களுள் எவரும் தாம் கண்டதன் முழுப்பொருளை அறிந்தாரல்லர். மெஸ்யே தாம் கண்டது யாது என அறியாமலே மறைந்தார். கர்ட்டிஸும் 1942-இல், கீற்றின் காரணம் விளங்குவதற்கு முன்னரே மறைந்தார். அவர்கள் செய்ததெல்லாம், கண்டதைக் கூட்டாமலும் குறைக்காமலும் எழுதி வைத்ததே.

நம் கல்லூரி ஆய்வுக்கூடத்தில், எதிர்பார்த்த விடை வராதபோது, அந்த எண்ணை அழித்துவிட்டு நூலிற் கண்ட எண்ணை எழுதும் வழக்கம் மாணவரிடையே சிறிது உண்டு என்பதை யாம் அறிவோம். யாமும் மாணவராயிருந்த காலத்தில் ஒருமுறை அங்ஙனம் செய்து, மதிப்பெண் பெற்றோம். அன்று அழித்த எண் என்ன கூறியிருக்கும் என்பதை இன்று எண்ணினும் அறிய வழியில்லை. ஒட்டாத எண்ணில் பெரும்பாலும் நம் பிழையே இருக்கும், அதுவும் அறியத்தக்கதே. ஆயின், அழித்துவிட்டால் பிழையையும் அறியோம், உண்மையையும் அறியோம்.

வரும் பங்குனியிலும் மேல்மாடியில் தொலைநோக்கி வைக்கப்படும். அதற்கென ஒரு குறிப்பேடும் இவ்வாண்டு முதல் அங்கே வைத்திருக்கின்றோம். அதன் முதற்பக்கத்தில், அம்மாணவர் தம் கையாலேயே நாளும் நேரமும் திசையும் குறித்து, "வட்டமான மங்கிய ஒளி, முதலில் கண்ணாடியிற் படிந்த அழுக்கென நினைத்தேன்" என்று எழுதியுள்ளார். அதனைத் திருத்த வேண்டாமென்று அவரிடம் கூறினோம்.